கிளிஞ்சலில் எண்ணிய வெளிச்சம்

என் ஓரகத்தி வீட்டு வாசலில் தெருவிளக்குக் கம்பம் இருக்கிறது. என் வீட்டு வாசலில் இல்லை. நடந்தது எல்லாவற்றுக்கும் அந்தக் கம்பம்தான் காரணம் என்று நான் சொல்வேன். என் மருமகள் ஒத்துக்கொள்ள மாட்டாள். எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது, நான் சொல்லச் சொல்ல அவள்தான் எழுதுகிறாள். அதனால் இந்த வரியை மட்டும் மாற்றாமல் எழுதம்மா என்று முதலிலேயே சொல்லி வைத்துவிட்டேன்.

என் வீட்டுக்காரரும் அவள் வீட்டுக்காரரும் அண்ணன் தம்பி. ஒரே மனையில் நடுவே இடுப்பு உயரத்துக்கு ஒரு சுவர் வைத்து இரண்டு வீடாகப் பிரித்துக் கொடுத்தார்கள். பஞ்சாயத்து ஆட்கள் கம்பம் நட வந்த அன்றைக்கு நான் உப்பளத்தில் இருந்தேன். அவள் வீட்டில் இருந்தாள். வந்தவர்களுக்கு மோர் கரைத்துக் கொடுத்திருக்கிறாள். சாயங்காலம் நான் கூடையைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு வந்து பார்த்தால் கம்பம் அவள் வாசலில் நிற்கிறது. நான் மட்டும் அன்றைக்கு வீட்டில் இருந்திருந்தால் மோரோடு சுண்டலும் கொடுத்திருப்பேன். கம்பம் நான்கு அடி இந்தப் பக்கம் நகர்ந்திருக்கும்.

அந்தக் கம்பத்து வெளிச்சம் அவள் வாசலில் விழும், ஜன்னல் வழியாகக் கூடத்தில் விழும். சாயங்காலம் அவள் ஜன்னலோரம் உட்கார்ந்து, வீட்டில் ஒரு பல்புகூடப் போடாமல், ஊசியில் நூல் கோர்ப்பாள். இந்த வயதில் நூல் கோர்க்கிறாள். நான் முப்பது வருஷம் உப்பு வாரியவள். உச்சி வெயிலில் உப்புப் பாத்தியைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், கீழே இருந்தும் ஒரு சூரியன் அடிக்கும். இப்போது வேலைக்குப் போகிற பெண்கள் கறுப்புக் கண்ணாடி போடுகிறார்கள். எங்களுக்கு முந்தானைதான். அதனால் பொழுது சாய்ந்தால் எனக்கு எதிரில் நிற்பது மருமகளா, ஆணியில் தொங்குகிற நைட்டியா என்றே தெரியாது. ஒரு தடவை நைட்டியிடம் தண்ணீர் கேட்டிருக்கிறேன். ஓரகத்தியை அவள் வீட்டுக்காரர் உப்பளத்துக்கு அனுப்பவே இல்லை, கறுத்துவிடுவாளாம். அவள் கண்ணும் கெடவில்லை, நிறமும் போகவில்லை. கம்பத்து வெளிச்சத்தில் அவள் கை ஏறி இறங்குவது மட்டும்தான் சுவருக்கு இந்தப் பக்கமிருந்து எனக்குத் தெரியும், அந்த ஊசி என் வயிற்றில் குத்துகிற மாதிரி இருக்கும்.

சரி, கரண்ட் பில்லுக்கு வருகிறேன். இரண்டு மாதத்துக்கு ஒரு முறை மீட்டர் பார்க்க ஒரு தம்பி வருவார். நூறு யூனிட் வரைக்கும் காசு கிடையாது என்பது எல்லாருக்கும் தெரிந்ததுதான். போன கோடைக்கு முன்னால் ஒரு காலையில் அவர் வந்தார். முதலில் அவள் வீடு.

"உங்களுக்கு பில்லு இல்லம்மா. எழுவத்தெட்டு தான் ஓடியிருக்குது."

பிறகு எங்கள் வீடு. உப்புக் காற்றில் எங்கள் மீட்டர் பெட்டியின் கதவு துரு ஏறி ஒட்டிக்கொள்ளும், ஒரு குத்து குத்தினால்தான் திறக்கும். குத்தித் திறந்து பார்த்தார்.

"ஆயா, நூத்திப் பதினாறு. பதினாறு யூனிட்டுக்கு காசு வரும், போன்ல மெசேஜ் வந்துடும்."

எழுபது சொச்சம் வந்தது. அனுமந்தையிலிருந்து மீன் கொண்டு வருகிற அம்மாவிடம் ஒரு வேளைக்கு மீன் வாங்குகிற காசு. காசு எனக்குப் பெரிதில்லை. ஓரகத்தி சுவரில் முழங்கையை ஊன்றிக்கொண்டு நின்றாளே, அதுதான் பெரிது.

"எங்க வீட்ல எப்பவுமே வராதுக்கா," என்றாள். "நீங்க லைட்ட நெறைய போட்டுடறீங்க. சாயங்காலம் பாத்தா உங்க வீடு கல்யாண மண்டபம் மாதிரி இருக்குது."

"எனக்கு கண்ணு தெரியல, போடறேன். உனக்கு பஞ்சாயத்தே வெளக்கு புடிக்குது."

"அதுக்கு நான் என்னாக்கா பண்ணுவேன், கம்பத்த நானா நட்டேன்?"

"மோர் நீதான குடுத்த."

மருமகள் என் கையைப் பிடித்து உள்ளே இழுத்துக்கொண்டு போய்விட்டாள்.

அன்றைக்கே முடிவு செய்தேன். அடுத்த தடவை அந்தத் தம்பி என் வாசலில் நின்று "ஆயா, உங்களுக்கு பில்லு இல்ல" என்று சொல்ல வேண்டும். அதை அவள் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று கேட்க வேண்டும். எனக்கு வேறொன்றும் வேண்டாம். மாதாவிடமும் அதையே கேட்டேன். மாதாவுக்கு முன்னால் நின்று கேட்டபோது அங்கே எரிந்துகொண்டிருந்ததை நான் கவனிக்கவில்லை, அது பிறகு வருகிறது.

முதலில் மீட்டரைப் பிடித்தேன். அதில் ஒரு சிவப்புப் பொட்டு மினுக் மினுக்கென்று அடித்துக்கொண்டே இருக்கும். வீட்டில் நிறைய ஓடினால் வேகமாக அடிக்கும், குறைவாக ஓடினால் மெதுவாக அடிக்கும் என்று மருமகள் சொன்னாள். ஒரு மத்தியானம் எல்லா ஸ்விட்சையும் அணைக்கச் சொன்னேன். ஃபேன், டிவி, எல்லாம். ஃபிரிட்ஜ் எங்களிடம் இல்லை. இருந்தது, உப்புக் காற்று அதன் அடியைத் தின்றுவிட்டது, இப்போது அதில் அரிசி வைத்திருக்கிறோம், எறும்பு வருவதில்லை. எல்லாவற்றையும் அணைத்துவிட்டு மீட்டர் முன்னால் நின்றேன். சிவப்புப் பொட்டு மெதுவாக, அவசரமே இல்லாமல், அடித்துக்கொண்டிருந்தது.

எனக்கு உடம்பெல்லாம் சூடேறிவிட்டது. வீட்டில் ஒன்றும் ஓடவில்லை. ஆனால் கரண்ட் போகிறது. எங்கே போகிறது? சுவரைப் பார்த்தேன்.

"அவ ஒயர் இழுத்திருக்கறா," என்றேன்.

"யாரு அத்த?"

"அவதான். சின்னவ. நம்ம மீட்டர்ல இருந்து அவ வீட்டுக்கு ஒயர் போவுது. அதான் அவளுக்கு பில்லு வரல, நமக்கு வருது."

"அத்த, சும்மா இருங்க, காதுல விழப்போவுது."

நான் சும்மா இருக்கவில்லை. மீட்டரிலிருந்து கிளம்புகிற ஒயரை ஒவ்வொன்றாகத் தடவிக்கொண்டே போனேன், சுவர் ஓரம், கூரை ஓரம், தென்னை வரைக்கும். சுவர் மேல் கிடந்த ஒரு கறுப்புக் கயிற்றைக் கண்டதும் இதோ என்று பிடித்து இழுத்தேன். அந்தப் பக்கம் அவள் துணி காயப் போட்டிருந்த கொடி. நான்கு புடவையோடு விழுந்தது. கையும் களவுமாகப் பிடித்துவிட்ட சந்தோஷத்தில் நின்றேன். அவள் எட்டிப் பார்த்தாள்.

"என்னாக்கா பண்றீங்க?"

"காத்து," என்றேன்.

"காத்தே இல்லியேக்கா."

"இப்பத்தான் அடிச்சிட்டு போச்சு."

உள்ளே வந்தால் மருமகள் புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிறாள். சிரித்து முடித்துவிட்டு கூடத்துச் சுவரைக் காட்டினாள். "அத்த, மாதா லைட்ட நாம அணைக்கவே இல்ல."

மாதா படத்துக்கு முன்னால் நீல நிறத்தில் குட்டி பல்பு ஒன்று. ஜீரோ வாட் பல்பு என்று கேட்டு வாங்கியது. இதை வாங்கிய கதையும் சொல்ல வேண்டும். இரண்டு வருஷத்துக்கு முன்னால் கோயில் திருவிழாவுக்கு ஓரகத்தி அவள் வீட்டு மாதா படத்தைச் சுற்றி சீரியல் லைட் போட்டாள். ஓடும், நிற்கும், நிறம் மாறும். வந்தவர்கள் எல்லாரும் அங்கே நின்று பார்த்தார்கள். என் வீட்டில் மெழுகுவத்தி. எனக்குத் தாங்கவில்லை. திருவிழாக் கடையிலேயே இந்த நீலப் பல்பை வாங்கி மாட்டினேன். "அவளோட லைட்டு திருவிழாவுக்கு மட்டும்தான். என் மாதாவுக்கு ராவும் பகலும் எரியும்," என்று தெரு முழுக்கச் சொன்னேன். அன்று மாட்டியதுதான், கரண்ட் கட்டானால் தவிர அது அணைந்ததே இல்லை. அது கரண்ட் தின்னாது, அதற்குப் பேரே அப்படித்தானே, எத்தனை வேண்டுமானாலும் மாட்டலாம் என்று நான்கு வீட்டுக்கு யோசனையும் சொல்லியிருக்கிறேன்.

"அது எப்படிம்மா திங்கும்? அதுக்கு வாட்டே இல்லியே," என்றேன்.

"அணைச்சிப் பாக்கலாம் அத்த."

மாதாவிடம் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு அணைத்தேன். வெளியே போய்ப் பார்த்தால் சிவப்புப் பொட்டு அடிக்கவில்லை.

மறுநாள் பல்பைக் கழற்றி முந்தானையில் முடிந்துகொண்டு மரக்காணம் கடைத்தெருவுக்குப் போனேன். எலக்ட்ரிக் கடைக்காரர் அதைத் திருப்பிக்கூடப் பார்க்கவில்லை.

"ஆயா, பேருதான் ஜீரோ. இது பதினஞ்சு வாட்டு."

"பொய் சொல்லாதப்பா."

"அந்த காலத்து மீட்டருக்கு இத புடிக்க தெரியாது ஆயா, அதனால அப்படி பேரு வச்சிட்டாங்க. இப்ப இருக்கற மீட்டரு எறும்பு நடந்தாலும் எழுதிக்கும்."

"அப்ப இது எவ்வளவு தின்னுருக்கும்?"

"வாட்டையும் மணியையும் பெருக்குங்க. ஆயிரம் வந்தா ஒரு யூனிட்டு."

பெருக்கல் எனக்குத் தெரியாது. ஆனால் எண்ணத் தெரியும். உப்பளத்தில் ஒரு நாளைக்கு எத்தனை கூடை சுமந்தோம் என்று கேட்டால் கணக்குப் பார்க்கிறவர் ஒன்று சொல்வார், நாங்கள் ஒன்று சொல்வோம். அதனால் நாங்கள் ஒவ்வொரு கூடை கொட்டும்போதும் மடியில் ஒரு கிளிஞ்சல் போடுவோம். சாயங்காலம் அவர் முன்னால் கொட்டி எண்ணுவோம். அதற்கு மேல் அவர் பேச முடியாது. அந்தக் கிளிஞ்சல் எல்லாம் இன்னும் ஒரு பிஸ்கட் டப்பாவில் இருக்கிறது. எதற்கு வைத்திருக்கிறீர்கள் என்று மருமகள் நூறு தடவை கேட்டிருக்கிறாள். இதற்குத்தான்.

தரையில் கொட்டி உட்கார்ந்தேன். பத்து வாட் பல்பு ஒரு மணி நேரம் எரிந்தால் ஒரு கிளிஞ்சல் என்று வைத்துக்கொண்டேன். அப்படிப் பார்த்தால் நூறு கிளிஞ்சல் ஒரு யூனிட். மருமகள் ஒவ்வொரு பல்பாகப் பார்த்து வாட் சொன்னாள். எல்லாம் ஒன்பது வாட் பல்பு, நான் பத்தென்றே வைத்தேன், உப்புக் கூடைக்கும் அப்படித்தான், கொஞ்சம் குறைந்தாலும் கூடை கூடைதான். சமையல் கட்டு மூன்று மணி நேரம், மூன்று கிளிஞ்சல். அறைக்கு இரண்டு. தோட்டத்துப் பக்கம் ஒன்று. வாசலுக்கு மூன்று. வாசல் மூன்றையும் வைக்கும்போது கம்பத்தை நினைத்துக்கொண்டேன், அந்த மூன்று அவளுக்குக் கிடையாது. கூடத்தில் பழைய டியூப்லைட், நாற்பது வாட், ஐந்து மணி நேரம். மணிக்கு நான்கு கிளிஞ்சல், ஐந்து நான்கு வைத்தேன், இருபது. எல்லாம் சேர்த்து இருபத்தொன்பது.

பிறகு மாதா லைட். மணிக்கு ஒன்றரை. இரண்டு மணிக்கு மூன்று. ராவும் பகலும் சேர்த்து வைக்க வைக்க வரிசை அரிசி ஃபிரிட்ஜ் வரைக்கும் போய்விட்டது. முப்பத்தாறு.

வீட்டில் எரிகிற எல்லா விளக்கும் ஒரு பக்கம். என் கண்ணுக்கு ஆதாரமே அவைதான். இந்தச் சுண்டைக்காய் பல்பு ஒன்று மட்டும் தனியாக அதைவிடப் பெரிய வரிசையாகக் கிடக்கிறது. மூன்று நாளைக்கு ஒரு யூனிட்டுக்கு மேல். இரண்டு மாதத்துக்கு இருபதைத் தாண்டும். எனக்கு அதிகமானது பதினாறு. மருமகள் போனில் போட்டுப் பார்த்துவிட்டு, "சரியா இருக்குது அத்த," என்றாள். நான் எப்போது தப்பாக எண்ணினேன்?

ஒன்று மட்டும் உறுத்தியது. இதை ஓரகத்தியோடு போட்டி போட்டுத்தானே மாட்டினேன். அவளை ஜெயிக்க மாட்டிய விளக்குதான் அவளிடம் என்னைத் தோற்க வைத்தது. அதற்காக அவள் மேல் இருந்த எரிச்சல் குறைந்தது என்று நினைக்காதீர்கள். கூடியது. அவள் சீரியல் லைட் போடாமல் இருந்திருந்தால் நான் ஏன் இதை வாங்குகிறேன்?

மாதாவை இருட்டில் வைக்க மனம் வரவில்லை. கடைக்காரரிடம் மறுபடி போனேன். அரை வாட்டில் ஒரு எல்இடி பல்பு கொடுத்தார், அதுவும் நீலம்தான். ஒரு நாள் முழுக்க எரிந்தால் ஒரு கிளிஞ்சல். எல்லாம் சேர்த்து இப்போது ஒரு நாளைக்கு முப்பது. டியூப்லைட்டை மாற்றவில்லை. அதன் வெளிச்சத்துக்குக் கண் பழகிவிட்டது.

இந்தச் சமயத்தில் அடுத்த வீட்டில் ஒரு வண்டி வந்து நின்றது. பிரசவத்துக்கு வந்திருந்த ஓரகத்தியின் மகளுக்கு ஆண் பிள்ளை பிறந்திருந்தது. வெயிலில் பிள்ளைக்கு வேர்க்குரு வந்துவிடுமாம், சென்னையில் இருக்கிற மாப்பிள்ளை ஏசி வாங்கி அனுப்பியிருந்தார். நான் சுவரோரம் நின்று பார்த்தேன். பொறாமையில் செத்துப்போயிருப்பேன் என்றுதானே நினைக்கிறீர்கள்? கொஞ்சம் செத்தேன். ஆனால் மறுநாளே கடைக்காரரிடம் பெட்டியின் அளவைச் சொல்லிக் கேட்டேன், ஏசி எவ்வளவு தின்னும் என்று. அந்த அளவு ஏசி மணிக்கு ஒன்றரை யூனிட் என்றார். வீட்டுக்கு வந்து டப்பாவைக் கொட்டினேன், நூற்றைம்பது கிளிஞ்சல் வேண்டும், என்னிடம் அவ்வளவு இல்லை. கடற்கரைக்குப் போய் மடி நிறையப் பொறுக்கி வந்து எண்ணினேன். முப்பது முப்பதாகப் பிரித்தால் ஐந்து குவியல். அவள் ஒரு மணி நேரம் ஏசி போட்டால், என் வீட்டில் ஐந்து நாள் எல்லா விளக்கும் எரியலாம்.

அதற்கப்புறம் எனக்குத் தூக்கம் நன்றாக வந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் ஏசி உறுமுகிற சத்தம் கேட்டால் விரலை மடக்குவேன். ஐந்து நாள். பத்து நாள். பதினைந்து நாள்.

"நீங்க பில்லு வர்ற நாளுக்கு புது புடவ எடுத்து வச்சிருக்கீங்களா அத்த?" என்று மருமகள் கேட்டாள். எடுத்து வைக்கவில்லை, துவைத்து வைத்திருந்தேன்.

மீட்டர் தம்பி வந்தார். நான் மீட்டருக்குப் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தேன். "மொதல்ல என் வீட்ட பாருப்பா," என்றேன். பெட்டிக் கதவுக்கு முந்தின நாளே தேங்காய் எண்ணெய் போட்டு வைத்திருந்தேன், தொட்டதும் திறந்தது.

"ஆயா, தொண்ணூத்து நாலு. உங்களுக்கு பில்லு இல்ல."

"என்னா சொன்ன? காது கேக்கல."

"பில்லு இல்ல ஆயா."

"சத்தமா சொல்லுப்பா, வயசாயிடுச்சு."

அவர் சத்தமாகச் சொன்னார். சுவருக்கு அந்தப் பக்கம் ஓரகத்தி நின்றிருந்தாள், தோளில் பேரப்பிள்ளை. காதில் விழுந்தது, பார்த்தேன். பிறகு அவர் அவள் மீட்டருக்குப் போனார். நான் ஸ்டூலைத் தூக்கிச் சுவரோரம் போட்டுக்கொண்டேன். அவர் தலையைச் சொறிந்தார்.

"அம்மா, இந்த தடவ ஐநூற தாண்டி போயிடுச்சு. மூவாயிரத்துக்கு பக்கம் வரும் போல."

நான் அவள் முகத்தையே பார்த்தேன். இரண்டு மாதம் இதற்குத்தான் காத்திருந்தேன்.

அவள் சிரித்தாள். "வரட்டும் தம்பி. ஏசி போட்டா வரத்தான செய்யும்," என்றாள். அதையும் அவள் சத்தமாகவே சொன்னாள். எதிர் வீட்டு வாசலில் பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தவள் நிமிர்ந்து பார்த்தாள். "மூவாயிரமாக்கா?" என்று ஓரகத்தியிடம் கேட்டாள், ஏதோ பட்டம் வாங்கின மாதிரி. "ஆமா. மாப்ள கட்டிடுவாரு. புள்ளக்கி ஏசி இல்லாம தூக்கம் வர மாட்டேங்குது."

பிறகு என் பக்கம் திரும்பினாள். "உங்களுக்கு என்னாக்கா வந்துது?"

"ஒண்ணும் வரல," என்றேன்.

"அப்படியா," என்றாள். அவ்வளவுதான்.

தம்பி அடுத்த தெருவுக்குப் போய்விட்டார். என் பில்லைப் பற்றி யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. நான் ஜெயிக்கிற நேரம் பார்த்து அவள் ஆட்டத்தையே மாற்றிவிட்டாள். என் வயிற்றில் ஊசி மறுபடி இறங்கியது, இந்தத் தடவை நூலோடு. மூவாயிரம் ரூபாய் பில் வருகிற அளவுக்கு எனக்கு என்றைக்காவது யோகம் வருமா என்று நினைத்தேன். நினைத்துவிட்டு, நான் என்ன நினைக்கிறேன் என்று எனக்கே ஆச்சரியமாக இருந்தது.

"வாங்கக்கா, உள்ள வந்து உக்காருங்க. புள்ளய பாத்துக்கினு இருங்க, நான் கொழம்பு வச்சிட்டு வர்றேன்," என்று கூப்பிட்டாள்.

போனேன். அறைக் கதவைத் திறந்ததும் முகத்தில் குளிர் அடித்தது. பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு கட்டிலில் சாய்ந்தேன். வெளியே உப்பளம் கொதிக்கிற நேரம். முப்பது வருஷம் அந்த நேரத்துக்கு நான் எங்கே நின்றேன் என்று என் உள்ளங்காலுக்குத் தெரியும். இங்கே கால் சில்லென்று இருந்தது. சந்தோஷமாக இருந்தது, பொய் சொல்லவில்லை. பிள்ளை என் விரலைப் பிடித்துக்கொண்டு தூங்கியது.

ஒரு மணி நேரம் ஆனதும் ஓரகத்தி எட்டிப் பார்த்தாள். "குளுரு அதிகமா இருக்குதாக்கா? அணைச்சிடட்டா? நீங்க கெளம்பணுமா?"

ஐந்து நாள் வெளிச்சம் அதற்குள் முடிந்திருந்தது. நான் போர்வையைக் கழுத்து வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டேன்.

"இருக்கட்டும்டி," என்றேன். "புள்ள தூங்கறான். இன்னும் ஒரு மணி நேரம் ஓடட்டும்."